முந்துவதற்கு நான்கு ஆங்கிலச் சொற்கள்: அண்ணன் அனுப்பிய நோட்டீஸும் தங்கையின் உரிமையும்

கோத்தகிரிக்குப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து 46 வயது வாசகி ஒருவர் எழுதியிருக்கிறார். அவருடைய அப்பா சொந்தச் சம்பாத்தியத்தில் வாங்கியது ஒரு ஏக்கர் 80 சென்ட் தேயிலைத் தோட்டம். அதன் நடுவே ஓர் ஓட்டு வீடு. அப்பா 2017இல் உயில் எதுவும் எழுதாமல் காலமாகிவிட்டார். அம்மா, அண்ணன், இவர், தம்பி என்று நான்கு வாரிசுகள். பாகம் பிரிக்கவில்லை, பட்டாவும் இன்னும் அப்பா பெயரிலேயே இருக்கிறது. அண்ணன் கோயம்புத்தூரிலும் தம்பி திருப்பூரிலும் குடியிருக்கிறார்கள். கவாத்து, உரம், களை, கொழுந்து எடுப்பது, கூட்டுறவுத் தொழிற்சாலைக்கு இலை போடுவது, அந்த வீட்டில் இருக்கும் அம்மாவைக் கவனிப்பது எல்லாம் இவர் தலையில்தான்.

அண்ணன் தன் பங்கை, விடுதி கட்டும் எண்ணத்தோடு வந்த ஒரு வெளியூர்க்காரருக்கு விற்கப் பேசி முடித்திருக்கிறார். போன மாதம் அவருடைய வக்கீலிடமிருந்து ஆங்கிலத்தில் ஒரு நோட்டீஸ் வந்தது. இவரை நடுங்க வைத்த பத்தியின் சாரம் இதுதான்: “இந்த விற்பனையை நீங்கள் ‘ப்ரீஎம்ப்ட்’ செய்ய முயல்வீர்கள் என்று எங்கள் கட்சிக்காரர் ‘ஆன்டிசிபேட்’ செய்கிறார். அதை ‘ஃபோர்ஸ்டால்’ செய்வதற்காக நீதிமன்றத்தில் ‘கேவியட்’ தாக்கல் செய்திருக்கிறார்.” செல்போனில் ஒவ்வொரு சொல்லாகப் போட்டுப் பார்த்ததில், எல்லாவற்றுக்கும் ‘முன்கூட்டியே தடுத்தல்’ என்பது போலவே பொருள் வந்ததாம். “அண்ணன் முந்திக்கொண்டு ஸ்டே வாங்கிவிட்டாரா? நானும் ஒரு கேவியட் போட்டால் விற்பனை நின்றுவிடுமா? ஆன்டிசிபேட் என்றாலே போலீஸ் விவகாரம், முன்ஜாமீன் எடு என்கிறான் மகன். கேட்டைப் பூட்டு, இத்தனை வருஷம் பார்த்தவளுக்குத்தான் தோட்டம் என்கிறார் பக்கத்துத் தோட்டக்காரர். நான் எதை முதலில் செய்வது?” என்று கேட்டிருக்கிறார்.

அன்புள்ள சகோதரிக்கு,

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், இன்றிரவாவது நீங்கள் தூங்க வேண்டும். உங்களுக்கு வந்திருப்பது வக்கீல் நோட்டீஸ். அது ஒருவர் தன் வக்கீல் மூலமாக எழுதிய கடிதம், நீதிமன்ற உத்தரவு அல்ல. உங்களுக்கு எதிராக எந்த ஸ்டேயும் பிறந்துவிட்டதாக அதில் ஒரு வரிகூட இல்லை. நீங்கள் வழக்கம்போலத் தோட்டத்துக்குப் போகலாம், கொழுந்து எடுக்கலாம்.

சொற்கள்தான் உங்களைக் குழப்பியிருக்கின்றன. குழப்பம் உங்கள் அறியாமையால் வந்தது என்று நினைக்காதீர்கள். நன்றாகப் படித்தவர்களே இந்தச் சொற்களை ஒன்றுக்குப் பதில் ஒன்றாகப் போட்டுவிடுகிறார்கள். தமிழில் ‘முந்துதல்’ என்ற ஒரே வேரிலிருந்து நாம் பலவற்றைச் சொல்லிவிடுகிறோம்: முந்திக்கொள்வது, முன்கூட்டி அறிவது, முன்னுரிமை. ஆங்கிலச் சட்டமொழி இவற்றுக்குத் தனித்தனிச் சொல் வைத்திருக்கிறது. எது எதைக் குறிக்கிறது என்று தெரிந்தால், அண்ணன் என்ன செய்திருக்கிறார், உங்களுக்கு என்ன மீதமிருக்கிறது என்பது தானாகவே விளங்கிவிடும்.

நோட்டீஸில் உள்ள சொற்கள்

‘ஆன்டிசிபேட்’ என்பது லத்தீனிலிருந்து வந்தது. ‘முன்பே எடுத்துக்கொள்வது’ என்பது அதன் வேர்ப்பொருள். இன்றைய வழக்கில் பெரும்பாலும் ‘இப்படி நடக்கும் என்று எதிர்பார்ப்பது’ என்றுதான் வரும். உங்கள் நோட்டீஸிலும் அவ்வளவே. நீங்கள் ஏதாவது செய்வீர்கள் என்று அண்ணன் எதிர்பார்க்கிறார். எதிர்பார்ப்பது வழக்கும் அல்ல, குற்றச்சாட்டும் அல்ல.

‘ஃபோர்ஸ்டால்’ பழைய ஆங்கிலச் சொல். வழிமறித்தல், பதுங்கியிருந்து மடக்குதல் என்று முதலில் பொருள். பிறகு அது சந்தைக்கு வந்தது. சரக்கு சந்தைக்குப் போய்ச் சேருமுன் பாதையிலேயே மடக்கி வாங்கி, விலையை ஏற்றி விற்பதை இங்கிலாந்தில் இந்தப் பெயரால் குற்றமாக வைத்திருந்தார்கள். 1844இல்தான் அந்தக் குற்றத்தை நீக்கினார்கள். மேட்டுப்பாளையம் மண்டிக்கு இறங்கும் கேரட் லாரியை நடுவழியில் ஒருவர் நிறுத்தி மொத்தமாக விலை பேசுகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள், பொருள் பிடிபட்டுவிடும். இன்று ‘எதிராளி செய்யப்போவதை அவர் செய்யுமுன் மறித்துவிடுவது’ என்று பொதுவாக வழங்குகிறது. டிசம்பர் பனி இறங்குமுன் நாற்றுகளின் மேல் மிலார் தழையைப் போட்டு மூடுகிறோமே, அதையும் இந்தச் சொல்லால் சொல்லலாம். அங்கே மறிக்கப்படுவது பனி, இங்கே நீங்கள்.

‘கேவியட்’ லத்தீனில் ‘அவர் கவனமாக இருக்கட்டும்’ என்பது. நம் சட்டத்தில் அது ஒரு குறிப்பிட்ட மனுவின் பெயர். அதைப் பற்றித் தனியாக எழுதுகிறேன்.

நான்காவதான ‘ப்ரீஎம்ப்ட்’ என்ற சொல்லில்தான் நீங்கள் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். இதன் லத்தீன் வேர் ‘முன்னதாக வாங்குதல்’. ஆமாம், விலை கொடுத்து வாங்குவதுதான். வெளியார் வாங்குமுன் நான் வாங்கிக்கொள்கிறேன் என்று கேட்கும் உரிமைக்கு ‘ப்ரீஎம்ப்ஷன்’ என்று பெயர். அமெரிக்காவில் 1841இல் இதே பெயரில் ஒரு சட்டம் வந்தது. அரசு நிலத்தில் ஏற்கெனவே குடியேறிப் பாடுபட்டவர், நிலம் பொது ஏலத்துக்குப் போகுமுன் 160 ஏக்கர் வரை தானே வாங்கிக்கொள்ள அது வழிசெய்தது. பிற்காலத்தில்தான் இந்தச் சொல் ‘எதிராளியின் காரியத்தை முந்திக் கெடுப்பது’ என்ற பொருளுக்கு நகர்ந்தது. அண்ணனின் வக்கீல் அந்தப் பிற்காலப் பொருளில், உங்களைக் குறைசொல்லும் தொனியில் எழுதியிருக்கிறார். ஆனால் மூலப் பொருளில் அது சட்டம் உங்களுக்குக் கொடுத்திருக்கும் ஓர் உரிமையின் பெயர். அவர்கள் எதைக் கண்டு அஞ்சுகிறார்களோ, அதன் பெயரை அவர்களே எழுதிக் கொடுத்திருக்கிறார்கள்.

கேவியட் எதைச் செய்யும், எதைச் செய்யாது

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 1976ஆம் ஆண்டுத் திருத்தத்தால் சேர்ந்தது 148ஏ பிரிவு. ஒரு வழக்கில் எதிர்த்தரப்பு ஏதாவது மனுப் போடும் என்று எதிர்பார்ப்பவர், “என்னைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள்” என்று நீதிமன்றத்தில் முன்கூட்டியே சொல்லிவைப்பதுதான் கேவியட். அது உங்களை வழக்குப் போட விடாமல் தடுக்காது. அண்ணனுக்குப் புதிய உரிமை எதையும் கொடுக்காது. நீங்கள் தடையாணை கேட்டால், முதல் நாளே அவரை விட்டுவிட்டு உத்தரவு வராது. அவருக்குத் தகவல் கொடுத்து, அவர் தரப்பையும் கேட்பார்கள். இவ்வளவே.

கேவியட்டுக்கு ஆயுள் 90 நாள். தாக்கலான நாளிலிருந்து கணக்கு. அதற்குள் மனு எதுவும் வராவிட்டால் காலாவதியாகிவிடும். வேண்டுமானால் புதிதாகப் போட வேண்டும். கேவியட் போட்டவர் அந்தத் தகவலை உங்களுக்கு ஒப்புகை அட்டையுடன் பதிவுத் தபாலில் அனுப்பியிருக்க வேண்டும். நீங்கள் அனுப்பிய பக்கங்களில் அது இல்லை. எந்த நீதிமன்றம், எந்தத் தேதி என்று எழுதிய தனிக் கடிதம் வந்ததா என்று வீட்டில் தேடிப் பாருங்கள். அம்மா கையெழுத்துப் போட்டு வாங்கி அலமாரியில் வைத்திருக்கவும் கூடும்.

இப்போது உங்கள் கேள்வி: நீங்களும் ஒரு கேவியட் போட்டால் விற்பனை நிற்குமா? நிற்காது. இந்தத் தவறான நம்பிக்கை மிகப் பரவலாக இருக்கிறது, பலரை நஷ்டப்படுத்தியும் இருக்கிறது. கேவியட் நீதிமன்றத்துக்குச் சொல்வது. சார்பதிவாளரையோ வாங்குபவரையோ அது கட்டுப்படுத்தாது. கேவியட் போட்டாயிற்று என்று நிம்மதியாக இருக்கும்போதே பத்திரம் பதிவாகிவிடலாம். சார்பதிவாளர் அலுவலகத்தில் ஆட்சேப மனுக் கொடுத்தாலே பதிவு நின்றுவிடும் என்றும் நம்பாதீர்கள். அண்ணன் உங்களுக்கு எதிராக, ‘என் தங்கை தோட்டத்துக்குள் வரக் கூடாது’ என்பது போல ஏதாவது உத்தரவு கேட்கக்கூடும் என்று தோன்றினால் மட்டுமே உங்கள் பக்கம் கேவியட்டுக்கு வேலை உண்டு. செலவு குறைவு என்பதால் அதையும் போட்டுவைக்கலாம். ஆனால் அதை மட்டும் நம்பி உட்கார்ந்துவிடக் கூடாது.

சட்டம் உங்களை முந்தவிடும் இடம்

1956ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டத்தில் 22ஆம் பிரிவு என்று ஒன்று இருக்கிறது. உயில் எழுதாமல் இறந்தவரின் அசையாச் சொத்து, முதல் வகுப்பு வாரிசுகள் இரண்டு அல்லது அதற்கு மேற்பட்டவர்களுக்கு வந்திருக்கிறது. அவர்களில் ஒருவர் தன் பங்கை விற்க முனைகிறார் என்றால், மற்ற வாரிசுகளுக்கு அதை வாங்கிக்கொள்ள முன்னுரிமை உண்டு. மனைவி, மகன், மகள் எல்லாரும் முதல் வகுப்புதான். உங்கள் குடும்பத்தில் நான்கு பேருக்கும் சம பங்கு, ஆளுக்கு நாலில் ஒன்று. கணக்குக்கு 45 சென்ட். அண்ணனின் அந்த 45 சென்ட் வெளியாருக்குப் போகுமுன், “எங்களுக்குக் கொடு” என்று கேட்கும் உரிமை அம்மாவுக்கும் உங்களுக்கும் தம்பிக்கும் இருக்கிறது.

தோட்ட நிலம் விவசாய நிலமாயிற்றே, இந்தப் பிரிவு பொருந்துமா என்று சிலர் கேட்பார்கள். நீண்டகாலம் இதில் உயர் நீதிமன்றங்கள் வெவ்வேறாகத் தீர்ப்புச் சொல்லிவந்தன. 2019 மார்ச்சில் பாபு ராம் எதிர் சந்தோக் சிங் வழக்கில், விவசாய நிலத்துக்கும் 22ஆம் பிரிவு பொருந்தும் என்று உச்ச நீதிமன்றம் முடிவாகச் சொல்லிவிட்டது. அந்த வழக்கிலும் சகோதரர்களில் ஒருவர் தன் பங்கை வெளியாருக்கு விற்றதுதான் பிரச்சினை.

இந்த உரிமை இலவசம் அல்ல. இதைத் தெளிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் உங்கள் கடிதத்தில் ‘விற்கவிடாமல் தடுப்பது’ என்ற பேச்சுத்தான் இருக்கிறது, பங்கை வாங்கும் பணத்தைப் பற்றி ஒரு வரியும் இல்லை. அண்ணனை விற்கவே கூடாது என்று சட்டம் சொல்லாது. அது அவருடைய பங்கு. பிள்ளைகளின் படிப்போ கடனோ, அவருக்கும் ஒரு தேவை இருக்கலாம். விற்பதானால் உங்களுக்கு விற்கட்டும் என்பதுதான் உங்கள் உரிமை. விலையில் ஒத்துவராவிட்டால் மனுவின் பேரில் நீதிமன்றம் விலையை நிர்ணயிக்கும். நிர்ணயித்த விலைக்கு வாங்க மாட்டேன் என்று நீங்கள் அப்போது பின்வாங்கினால், அந்த மனுவின் செலவு முழுவதும் உங்கள் தலையில் விழும். ஒரே பங்குக்கு இரண்டு வாரிசுகள் போட்டி போட்டால், அதிக விலை தருபவருக்கே முன்னுரிமை. ஆகவே தம்பியோடு இன்றே பேசுங்கள். சேர்ந்து வாங்குவதா, நீங்கள் மட்டும் வாங்குவதா என்று முடிவாகட்டும். நீங்கள் இருவரும் ஒருவர் மேல் ஒருவர் விலை ஏற்றிக்கொண்டால் லாபம் அண்ணனுக்குத்தான்.

காலக்கெடுவும் உண்டு. விற்பனை நடந்துவிட்டாலும் வழக்குப் போடலாம். ஆனால் காலவரையறைச் சட்டப்படி முன்வாங்கும் உரிமைக்கான வழக்குக்கு ஓராண்டுதான். வாங்கியவர் நேரடியாகச் சுவாதீனம் எடுத்த, அதாவது நிலத்தைத் தன் கைவசம் எடுத்த நாளிலிருந்து எண்ணுவார்கள். உங்களுடையது போலப் பிரிபடாத பங்கில் அப்படிச் சுவாதீனம் எடுக்க வழியில்லை என்றாகிவிட்டால் பத்திரம் பதிவான நாளிலிருந்தே கணக்கு. இரண்டில் எந்தத் தேதி முந்தியதோ, அதிலிருந்தே ஓராண்டு என்று வைத்துக்கொள்வது பாதுகாப்பானது.

வழக்கு எந்த வரிசையில் போகிறது என்பதும் முக்கியம். பலர் எடுத்த எடுப்பில் பாகப்பிரிவினை வழக்கை மட்டும் போட்டுவிடுகிறார்கள். பாகம் பிரிந்து அவரவர் நிலம் தனியான பிறகு 22ஆம் பிரிவைத் துணைக்கு அழைப்பது கடினம். முழுத் தோட்டமும் குடும்பத்திலேயே இருக்க வேண்டும் என்பது உங்கள் விருப்பமானால், முன்னுரிமைக் கோரிக்கைதான் முதலில் நிற்க வேண்டும். அதோடு இடைக்காலத் தடையாணையும் கேட்கலாம். அண்ணன் கேவியட் போட்டிருப்பதால் அவர் தரப்பைக் கேட்டுத்தான் உத்தரவு வரும். அந்த இடைவெளியில் பத்திரம் பதிவாகிவிடுமோ என்று பயப்படுவீர்கள். வழக்குத் தாக்கலான பிறகு நடக்கும் விற்பனை அந்த வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டது என்று சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 52ஆம் பிரிவு சொல்கிறது. வாங்குபவர் வழக்கையும் சேர்த்தே வாங்குகிறார். விடுதி கட்ட நினைப்பவர் இதைக் கேட்டாலே யோசிப்பார். அவருக்குக் கிடைப்பது பிரிபடாத பங்கு, எந்தப் பக்கம் 45 சென்ட் என்று விரல் நீட்டிக் காட்ட முடியாது. மலைப்பகுதிக் கட்டட அனுமதியும் எளிதாகக் கிடைப்பதல்ல.

வீட்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. அம்மா குடியிருப்பது குடும்பத்தின் பிரிபடாத வீடு. பங்கை வாங்கிய வெளியார் அதில் வந்து உங்களோடு சேர்ந்து குடியிருக்க உரிமை கேட்க முடியாது. அவரே பாகம் கேட்டு வழக்குப் போட்டால், 1893ஆம் ஆண்டுப் பாகப்பிரிவினைச் சட்டத்தின் 4ஆம் பிரிவின் கீழ், வீட்டில் அவருக்குள்ள பங்கை விலை மதிப்பிட்டு நீங்களே வாங்கிக்கொள்ளலாம். அம்மா தெருவுக்கு வந்துவிடுவார் என்ற பயத்தை விடுங்கள்.

முன்ஜாமீனும் பூட்டும்

மகனிடம் சொல்லுங்கள்: ‘ஆன்டிசிபேட்’ என்ற சொல் இருப்பதாலேயே அது முன்ஜாமீன் விவகாரம் ஆகிவிடாது. ஜாமீனில் விட முடியாத குற்றத்தில் கைதாவோம் என்று நம்பக் காரணம் இருப்பவருக்கே முன்ஜாமீன். முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 438ஆம் பிரிவாக இருந்தது, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 482ஆம் பிரிவு. வெறும் பயம் போதாது, நியாயமான அடிப்படை வேண்டும் என்பது உச்ச நீதிமன்றம் 1980இலேயே சொன்னது. உங்கள் மீது புகாரே இல்லை. இல்லாத வழக்குக்கு முன்ஜாமீன் கேட்டால், என்னமோ செய்திருக்கிறார்கள் என்ற சந்தேகத்தை நீங்களே கிளப்புவதாகும்.

ஆனால் பக்கத்துத் தோட்டக்காரர் சொன்னபடி கேட்டைப் பூட்டி, அண்ணனோ வாங்குபவரோ வரும்போது மகன் முன்னால் போய் நின்று கைகலப்பானால், அன்றைக்கு உண்மையாகவே முன்ஜாமீன் தேவைப்படும். இல்லாத ஒரு வழக்கை நாமே உண்டாக்கிக்கொள்ள வேண்டாம். தயவுசெய்து பூட்டாதீர்கள். இத்தனை வருஷம் பார்த்துக்கொண்டதால் தோட்டம் உங்களுடையது ஆகிவிடாது. கூட்டுச் சொத்தில் ஒருவரின் சுவாதீனம் எல்லாருடைய சுவாதீனமாகவே கருதப்படும். அதைவிட, அண்ணன் பங்குக்கான வருமானக் கணக்கை அவர் உங்களிடம் கேட்கலாம். இலை போட்ட புத்தகம், உரம் வாங்கிய ரசீது, கூலி கொடுத்த நோட்டு எல்லாவற்றையும் எடுத்து வையுங்கள். வரவைக் காட்டும் அதே தாள்கள்தான் நீங்கள் போட்ட செலவையும் உழைப்பையும் காட்டும். உங்கள் உழைப்பை நான் சிறிதாக நினைக்கவில்லை. மழையிலும் பனியிலும் அந்தச் சரிவில் நின்றவர் நீங்கள். அதை நீதிமன்றத்தில் எடுத்துச் சொல்ல கணக்குத்தான் வேண்டும்.

‘பந்திக்கு முந்து, படைக்குப் பிந்து’ என்பார்கள். உங்கள் விஷயத்தில் வாங்குவதற்கு முந்துங்கள், மோதலுக்குப் பிந்துங்கள்.

இந்த வாரம்

நோட்டீஸ் வந்த கவரைத் தூக்கிப் போடாதீர்கள், தபால் முத்திரைத் தேதி உதவும். வில்லங்கச் சான்று போட்டுப் பத்திரம் ஏதும் ஏற்கெனவே பதிவாகியிருக்கிறதா என்று பாருங்கள். வாரிசுச் சான்றிதழ் வாங்கவில்லை என்றால் விண்ணப்பியுங்கள். தோட்டத்தின் நடப்பு விலையை அக்கம்பக்கத்துப் பத்திரங்களை வைத்து விசாரித்து, வங்கியில் எவ்வளவு கிடைக்கும் என்று கேட்டு, உங்களால் எவ்வளவு முடியும் என்று ஒரு தாளில் எழுதுங்கள். முடியாது என்று தெரிந்தால் அதுவும் நல்லதே. அப்போது பாகம் பிரித்து உங்கள் 45 சென்ட்டையும் அம்மாவின் வீட்டையும் காப்பதில் கவனம் வைக்கலாம். வக்கீல் வைக்க வசதியில்லை என்று எழுதியிருந்தீர்கள். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு, 1987ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் கொடுத்த உரிமை அது. ஊட்டியில் உள்ள மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள், அல்லது 15100க்கு அழையுங்கள். அண்ணனை அழைத்து உட்காரவைத்துச் சமரசம் பேசவும் அங்கேயே வழி இருக்கிறது.

நோட்டீஸுக்குப் பதில் கட்டாயம் அனுப்புங்கள். ஆங்கிலத்துக்கு ஆங்கிலத்தில்தான் பதில் போட வேண்டும் என்பதில்லை. தமிழில் போடலாம். அதில் கோபமோ பழைய கதையோ வேண்டாம். “அப்பா விட்டுச் சென்ற சொத்தில் உங்கள் பங்கை, 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின் 22ஆம் பிரிவின்படி வாங்கிக்கொள்ள நாங்கள் தயார். விலையைப் பேசி முடிப்போம், ஒத்துவராவிட்டால் நீதிமன்றம் நிர்ணயிக்கட்டும்” என்ற பொருளில் உங்கள் வக்கீல் எழுதினால் போதும். பணத்துக்கு வழி தெரிந்த பிறகே இந்த வரி போகட்டும். அதற்கு முன்பு தொகை எதையும் குறிப்பிட வேண்டாம். அனுப்புமுன் அம்மாவிடம் ஒருமுறை படித்துக் காட்டுங்கள். அவரும் நாலில் ஒரு பங்குக்காரர், அண்ணனுக்கும் அவர்தான் அம்மா.